அவள் விழ வேண்டும்

இந்தத் தடவையாவது நிஜமாக விழுந்துவிட வேண்டும் என்று மரிகார் நினைத்துக்கொண்டாள். குயாப்போ தேவாலயத்து முற்றத்தில் மழை தூறிக்கொண்டிருந்தது. கண்ணை மூடி மெல்லச் சாய்ந்தாள்...

தரை வரவில்லை. யாரோ ஓடிவந்து இடுப்பைத் தாங்கிவிட்டார்கள்.

அங்கேதான் வந்தது வினை. கை பட்டதும் அவள் முதுகு வில்லாக வளைந்தது, ஒரு கால் மேலே எழுந்தது, பாதம் கூராக நீண்டது. இத்தனை வருட பாலே நடனப் பழக்கம் லேசில் போகுமா? மெழுகுவர்த்தி விற்பவர்கள்கூடக் கைதட்டினார்கள்.

"மிஸ், தலை சுத்துதா? காலையில சாப்பிட்டீங்களா?" தாங்கியவன் நர்ஸ் சீருடையில் இருந்தான்; அவள் நாடியைப் பிடித்துப் பார்த்தான். சட்டையில் ரோமெல் என்று பெயர்.

"விடுங்க. இது நான் நடத்துற நிகழ்ச்சி. விழுறதுதான் என் வேலை."

"அதுக்குப் படிப்பெல்லாம் இருக்கா?"

"பாலேல என்னை விழவே விட்டதில்ல. எப்பவும் ஒரு ராஜகுமாரன் வந்து தாங்கிடுவான். அது வேண்டாம்னுதான் விட்டுட்டு வந்தேன். நாளைக்குக் கலைவிழாக்காரங்க பார்க்க வராங்க. அப்பவும் இப்படி ஆனா, பழையபடி ராஜகுமாரிதான். தயவுசெஞ்சு இந்தப் பக்கம் வராதீங்க."

அவன் தலையாட்டிவிட்டுப் போனான். போன பிறகுதான் மனசு உறுத்தியது... அந்தக் கண்களைப் பார்த்தா கோபித்துக்கொண்டேன்?

மறுநாள் மழை வலுத்தது. விழாக்காரர்கள் குடையோடு நின்றார்கள். மரிகார் சாயும்போது கூட்டத்தில் அவனைப் பார்த்துவிட்டாள். ஐயோ, வந்துவிட்டானே... ஆனால் ரோமெல் இரண்டு கைகளையும் பாக்கெட்டுக்குள் திணித்துக்கொண்டு, உதட்டைக் கடித்தபடி நின்றான்.

அவள் முதுகு ஒரு கைக்காகக் காத்தது. கை வரவில்லை. முழங்கால் மடங்கி, முழங்கை இடித்து, தொப்பென்று ஈரக் கல்லில் கிடந்தாள். யாரும் கைதட்டவில்லை. விழாக்காரர்களில் ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

பிறகு ரோமெல் அவள் முழங்கைக்குப் பஞ்சு வைத்தான்.

"வராதீங்கன்னேனே."

"வராம இருக்க முடியல. வந்தா, ஓடிவந்து தாங்கிடுவேனோன்னு பயம்..." அவன் தலை நிமிரவில்லை. "உங்க மேல ஆசையாயிருக்கு, மிஸ். அதுக்கும் போகச் சொல்வீங்களா?"

மரிகாருக்கு முழங்கை எரிந்தது, மனசெல்லாம் இனித்தது.

"மிஸ் எல்லாம் வேண்டாம், மரிகார்னு கூப்பிடு. எத்தனையோ பேர் என்னைத் தாங்கியிருக்காங்க, ரோமெல். ஒருத்தரையும் என் கூடவே இருன்னு கேட்கத் தோணல. உன்னைக் கேட்கிறேன்... இருப்பியா?"