கிணறு பேசுது

அந்தக் குரலுக்குப் பின்னால் வேறு ஒரு சத்தமும் இல்லை. போனைக் காதில் வைத்திருந்த அமெதேவுக்கு முதலில் உறுத்தியது அதுதான்.

மதியம் வரை லைன் கொசு முனகுவது போலத்தான் இருந்தது. முன்வரிசைப் பதுங்குகுழிக்குப் போவது ஒற்றைக் கம்பி. திரும்பி வரும் வழி மண். இரண்டு முனையிலும் ஓர் இரும்பு முளையை ஈர மண்ணில் அடித்துவிட்டால், பேச்சு மண்ணுக்குள்ளேயே நடந்து வந்துவிடும். டெலிபோன் இருந்த நிலவறையிலோ தரை முழுக்கச் சுண்ணாம்புக் கல். அதனால் கம்பி பழுதுபார்க்கும் புரோஸ்பேர் முளையைப் பிடுங்கி, வாசலை ஒட்டிய நடைவழியின் கறுத்த சுவரில் கொண்டுபோய் வைத்தான். அந்தச் சுவர் ஏன் அவ்வளவு மெத்தென்று இருக்கிறது என்பது எல்லாருக்கும் தெரியும். வசந்தத்தில் இங்கே இருந்த பட்டாலியனைக் குண்டுகள் அப்படியே மூடிவிட்டன. தோண்டி எடுக்க நேரமில்லாமல் பின்னால் வந்தவர்கள் அந்த உடல்களின் ஊடாகவே இந்த நடைவழியை வெட்டினார்கள். சுவரிலிருந்து ஒரு பூட்ஸ் கால் நீட்டிக்கொண்டிருக்கும். போகிற வருகிறவர்கள் தண்ணீர்க் குடுவையை அதில் மாட்டுவார்கள்.

"மாமா, கொஞ்சம் தள்ளிப் படுங்க," என்று பூட்ஸைத் தட்டிவிட்டுத்தான் புரோஸ்பேர் சம்மட்டியை ஓங்கினான். முளை சிரமமே இல்லாமல் இறங்கியது. நடுவில் ஒரு இடத்தில் மட்டும் ஏதோ பொத்தென்று விட்டுக்கொடுத்தது.

"நீ பேசிப் பாரு. நான் கம்பியைப் பிடிச்சுக்கிட்டே முன்னால போய்ப் பார்த்துட்டு வரேன். உங்க அண்ணன்கிட்ட சொல்லி வை, சீட்டுல என்னை ஏமாத்தி வாங்கின புகையிலையை ஒளிச்சு வைக்க வேணாம்னு."

பனிமூட்டம் அவனை இடுப்புவரை விழுங்கிற்று, பிறகு முழுதாக.

அமெதேவின் அண்ணன் லூசியன் முன்வரிசையில் இருந்தான். அதனாலேயே கேப்டன் ரூசெல் குனிந்து உள்ளே வந்து சொன்னதைக் கேட்டதும் அமெதே போனை அருகே இழுத்துக்கொண்டான். இருட்டுவதற்குள் முன்வரிசையைக் கைவிட வேண்டும். காலி செய்தவுடன் நம் பீரங்கிகளே அதைத் தரைமட்டமாக்கும், எதிரி வந்து உட்கார்ந்துவிடாதபடி.

"லைன் கிடைக்குதா? இல்லேன்னா சொல்லு, கஸ்பாரை ஓட விடறேன்."

செய்தி கொண்டு ஓடும் கஸ்பார் மூலையில் பூட்ஸ் கயிற்றை இறுக்கிக்கொண்டிருந்தான். "நல்லா வாயைத் திறந்து பேசுடா, அமெதே," என்றான். "உன் வாய் வேலை செஞ்சா என் உயிர் மிச்சம்."

"கிணறு, கிணறு. ஆலை பேசுது."

முன்வரிசை நிலையத்தின் பெயர் கிணறு, இந்த நிலவறையின் பெயர் ஆலை. கிணறு பேசும்போது கூடவே இருமல் வரும், தகரத் தட்டு உருளும், எலியைத் துரத்துகிறவன் வசவு கேட்கும். இப்போது குரல் மட்டும். காதுக்குள்ளேயே வாய் வைத்தாற்போலத் தெளிவாக.

"கிணறு பேசுது."

உத்தரவைப் படித்தான். அந்தக் குரல் ஒரு சொல் பிசகாமல் திருப்பிச் சொன்னது. மூச்சு வாங்கும் இடத்தில்கூட மூச்சு வாங்கவில்லை.

"வாங்கினது யாரு? பேரைச் சொல்லு."

பெயரில்லாத செய்தி போய்ச் சேராத செய்தி. பயிற்சியில் முதலில் சொல்லித் தருவதே அதுதான்.

"எல்லாரும் கேட்டோம்," என்றது குரல். "புறப்படறோம்."

"லூசியன்? லூசியன் அங்க இருக்கானா?"

"இன்னும் வரல."

காவலுக்குப் போயிருப்பான். அப்படித்தான் அமெதே நினைத்துக்கொண்டான். நினைத்துக்கொள்ள விரும்பினான். மறுபடி பெயர் கேட்டிருக்கலாம். கேட்டால் லைன் போய்விடுமோ என்று பயந்தான்.

"வாங்கிட்டாங்களா?" என்றார் கேப்டன்.

"வாங்கிட்டாங்க, கேப்டன்."

கஸ்பார் பூட்ஸ் கயிற்றைத் தளர்த்திவிட்டுச் சுங்கானைப் பற்றவைத்தான். கேப்டன் அடுத்த அறையில் பீரங்கிப் படைக்குப் போனில் சொல்வது கேட்டது: எங்க ஆளுங்க வெளிய வராங்க, கொஞ்ச நேரம் கொடுத்துட்டு ஆரம்பிங்க.

புகையிலை வாசனையையும் மீறி நடைவழியிலிருந்து ஒரு வாடை வந்தது. கிளறிய மண்ணின் வாடை.

வெளிச்சம் மங்கும் நேரத்தில் புரோஸ்பேர் திரும்பினான். முழங்கால்வரை சேறு. கையில் ஒரு முழக் கம்பி.

"மறுமுனையை எவ்வளவு நேரமாத் தேடறேன் தெரியுமா? வாசலைத் தாண்டினதும் அறுந்து கிடக்குது. அந்தப் பக்கம் கம்பியே இல்லடா. எதிரி குண்டு போட்டு மண்ணை அப்படியே புரட்டிப் போட்டிருக்கான்."

"இப்பத்தானே பேசினேன்."

"யார்கிட்ட?"

கஸ்பாரின் வாயிலிருந்து சுங்கான் விழுந்தது.

அமெதே அடுத்த அறைக்குள் பாய்ந்தான். கத்தினான். என்ன கத்தினான் என்று அவனுக்கே தெரியவில்லை. கேப்டன் போனைப் பிடுங்கி எடுத்தார். அதற்குள் தலைக்கு மேலே ரயில் போவது போல் முதல் குண்டு கடந்தது. அப்புறம் இன்னொன்று. அப்புறம் எண்ண முடியவில்லை. முன்வரிசை இருந்த திசையில் பனிமூட்டம் சிவந்து சிவந்து அணைந்தது. "நிறுத்து, நிறுத்து," என்று கேப்டன் போனுக்குள் அலறிக்கொண்டே இருந்தார். வெகுநேரம் கழித்துத்தான் நின்றது.

அமைதி.

டெலிபோன் கிர்ரென்றது. புரோஸ்பேர் கொண்டுவந்த அறுந்த கம்பி மேஜைமேல் கிடந்தது. யாரும் நகரவில்லை. அமெதேதான் எடுத்தான்.

"கிணறு பேசுது. வந்துட்டோம்."

"யாரு... யாரு நீங்க?"

"லூசியனும் வந்துட்டான்."

வெளியே, நடைவழியில், குடுவைகள் ஒன்றோடொன்று மோதின. காற்றே இல்லை. புரோஸ்பேர் விளக்கைத் தூக்கினான்.

பூட்ஸ் கால் மெல்லத் திரும்பியது. மாட்டியிருந்த குடுவைகள் ஒவ்வொன்றாக விழுந்தன. சுவர் நெடுக மண் உதிர்ந்தது. அங்கே. இங்கே. தூரத்து வளைவில்கூட. உள்ளேயிருந்து எதுவோ தள்ள, முளை கழன்று தரையில் விழுந்தது.

அது இருந்த துளையிலிருந்து ஒரு கை வந்தது.

சாம்பல்நிறக் கையுறை. மணிக்கட்டில் அம்மா நீலநூலில் போட்ட தையல். அப்படி ஒரு ஜோடி லூசியனுக்கு மட்டும்தான் உண்டு. கையுறையிலிருந்து இன்னும் ஆவி பறந்தது.

விரல்கள் விரிந்தன. இழுத்து வெளியே விடச் சொல்லி நீண்டன, அமெதேவை நோக்கி.