ஒண்ணு, மூணு, நாலு, ரெண்டு

மயிலாடியில் நேசையன் பஸ்ஸை விட்டு இறங்கியபோது மணி மூன்றுகூட ஆகவில்லை. ஆனால் ஐப்பசி மழை, பகலை அப்படியே விழுங்கி வைத்திருந்தது. கல்தச்சர் கூடங்களில் உளிச் சத்தம் நின்றுபோயிருந்தது. அங்கிருந்து வரப்பு வழியாக அரை மைல் நடந்தால் வள்ளிநாயகம் பிள்ளையின் வீடு. ஒரு வருஷமாக அவன் அந்தப் பக்கம் கால் வைக்கவில்லை.

ஒரு வருஷமாக அவன் எந்த எஞ்சினையும் தொடவும் இல்லை. நாகர்கோவிலில் கைராசிக்கார மெக்கானிக் என்று பெயர் வாங்கியவன், இப்போது வடசேரிச் சந்தையில் வாழைக்குலை இறக்கிக்கொண்டிருந்தான்.

நடந்தது இதுதான். போன வருஷம் பிள்ளையின் காருக்குப் பிளக் ஒயர்களைக் கழற்றித் துடைத்து மாட்டிவிட்டுப் போனான். மறுநாள் விடியற்காலையில் டிரைவர் மரியஜான் வண்டிக்கு முன்னால் குனிந்து நின்று, எஞ்சினைக் கிளப்பும் இரும்பு ஹேண்டிலைச் சுற்றினான். ஒயர்கள் இடம் மாறிக் கிடந்தன. எஞ்சின் எதிர்ப்பக்கமாக உதைத்தது. திரும்பி வந்த ஹேண்டில் தாடைக்குக் கீழே விட்ட அடியில் மரியஜான் மல்லாந்து விழுந்தான். கொட்டகைப் படிக்கல்லில் பின்மண்டை மோதியது. தண்ணீர் கேட்கக்கூட அவனுக்கு நேரம் இருக்கவில்லை.

நேசையனும் அவனும் ஒரே இலையில் சாப்பிட்ட சிநேகிதர்கள். ஒயரைச் சரியாகத்தான் மாட்டினோம் என்று நேசையனின் மனசு சொன்னது. ஆனால் அன்றைக்கு அவனுக்குக் காய்ச்சல். மறுநாள் வந்து பார்த்தபோது ஒயர்கள் தப்பாக இருந்ததும் உண்மை. தன் கையைத் தானே நம்ப முடியாமல் போவதைவிடக் கேவலம் ஒரு தொழிலாளிக்கு வேறு என்ன இருக்கிறது?

அவனை ஜெயிலுக்குப் போகாமல் காப்பாற்றியவர் பிள்ளை. “தெரியாம வந்த கைப்பிழை, விட்டுருங்க” என்று போலீஸ்காரரிடம் அவர்தான் பேசினார். ஊருக்கெல்லாம் அவர் மொதலாளி. நேசையனுக்கு மட்டும் அண்ணாச்சி. அப்படிக் கூப்பிடச் சொன்னதே அவர்தான். அந்த மனுஷன் ஆள் அனுப்பி வரச்சொன்னால் எப்படி வராமல் இருப்பது?

முற்றத்தில் நெல் சேர்த்துவைக்கும் நெற்புரையின் தாழ்வாரத்தில் ஒரு பெண் ஓலைப்பெட்டியோடு குந்தியிருந்தாள். மரியஜானின் மனைவி வியாகுலம்மாள். முதல் போகமான கன்னிப்பூ அறுப்பு முடிந்ததும் பிள்ளை கொடுக்கும் நெல்லை வாங்க மணக்குடியிலிருந்து நடந்து வந்திருந்தாள். நேசையனைக் கண்டதும் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள். கல்லறைத் தோட்டத்தில் அவள் அவனிடம் கேட்ட கேள்வி இன்னும் அவன் காதில் இருந்தது: “ஒனக்கு இது கைப்பிழையாக்கும். எனக்கு?”

பிள்ளை குடையோடு இறங்கி வந்தார். சிவப்புக்கல் மோதிரம் போட்ட கையை நேசையனின் தோளில் வைத்தார்.

“வந்தியா மக்கா? நாளைக்கு வண்டிய பாக்க ஆளு வருது. விக்கப்போறேன். வேற மெக்கானிக்கக் கூப்பிட எவ்வளவு நேரம்? ஒனக்கு மறுபடி கை பழகட்டும்னுதான் சொல்லி விட்டேன்.”

நேசையனுக்குக் கண் கலங்கிவிட்டது. “செய்து தாறேன் அண்ணாச்சி” என்றான்.

கொட்டகையைத் திறந்ததும் ஈர உமியும் எலிப்புழுக்கையும் பழைய பெட்ரோலும் கலந்த வாடை வந்தது. உள்ளே தென்னோலைக் கூரையில் மழை ஓயாமல் பேசிக்கொண்டிருந்தது. கறுப்பு வண்டி நின்ற இடத்திலேயே நின்றது. முன்னால் ஹேண்டில் செருகியபடியே இருந்தது. மரியஜானுக்குப் பிறகு அதை உருவ ஒருத்தருக்கும் மனம் வரவில்லை போலும்.

நேசையன் பானெட்டைத் தூக்கினான்.

டிஸ்ட்ரிபியூட்டர் மூடியிலிருந்து நாலு பிளக்குக்கும் நாலு தடித்த ஒயர்கள். மூடிக்குள் சுழலும் துண்டு, ஒண்ணு, மூணு, நாலு, ரெண்டு என்ற முறையில்தான் நெருப்பைப் பங்கு வைக்கும். ஒயர்களும் அந்த முறைக்குத்தான் போக வேண்டும். இங்கே அவை ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு என்று பார்வைக்கு அழகாக, வரிசையாகப் போயிருந்தன. அன்றைக்குப் பார்த்த அதே கோலம். தொழில் படிக்க வந்த முதல் நாள் பயல்கூட இப்படி மாட்ட மாட்டான். நானா மாட்டினேன்?

ஒவ்வொரு ஒயராக உருவினான். துணியால் துடைத்தான். வளைத்து, ரப்பரில் வெடிப்பு இருக்கிறதா என்று நகத்தால் நிமிண்டிப் பார்த்தான். பித்தளை முனைகளைச் சுரண்டி வெளுக்க வைத்தான். பிறகு வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே மாட்டினான்.

“ஒண்ணு. மூணு. நாலு. ரெண்டு.”

பிள்ளை வாசலிலேயே நின்றார். உள்ளே ஒரு எட்டுக்கூட வைக்கவில்லை.

பேட்டரி இணைப்பை முடுக்க நேசையன் குனிந்தான். அரை நிமிஷம் இருக்கும். நிமிர்ந்தான்.

ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு.

அவனுக்கு முதலில் பயம் வரவில்லை, அழுகைதான் வந்தது. அப்படியானால் இது என் கைதான். என்னை அறியாமல் என் கையே இதைச் செய்கிறது. மரியஜானைக் கொன்றது நான்தான், சந்தேகமில்லை. அந்த ஒரு வருஷத்தில் அவன் மனசின் ஓரத்தில் ஒட்டியிருந்த கொஞ்ச நம்பிக்கையும் கழன்று விழுந்தது.

“என்ன மக்கா?” என்றார் பிள்ளை. குரல் சரியாக இல்லை.

“ஒண்ணுமில்ல அண்ணாச்சி. கதவ அடைக்கணும். இருட்டாக்கினாத்தான் ஒயர்ல எங்கேயாவது கரன்ட் ஒழுகுதான்னு தெரியும். நீலமாட்டு மின்னும்.”

“அடைக்கணுமா?”

“அடைக்கணும். நீங்க உள்ள வந்து ஹேண்டில் சுத்துங்க. எனக்கு வேற ஆளு இல்லியே.”

நேசையன் மறுபடி சரியாக மாட்டினான். பிள்ளை வேண்டாவெறுப்பாக உள்ளே வந்தார். கதவு அடைபட்டதும் கொட்டகை கும்மிருட்டாகியது. நேசையன் இரண்டு கைகளையும் மட்கார்டின் மேல் விரித்து வைத்தான். தன் கையைத் தானே காவல் காத்தான்.

மழைச் சத்தத்துக்கு நடுவில் அது கேட்டது.

டப்.

மூடியிலிருந்து ஒயர் முனை உருவுகிற சத்தம். தொழில் தெரிந்தவனுக்குத் தூக்கத்திலும் தெரியும்.

டப்.

கைகள் இரண்டும் மட்கார்டின் மேல்தான் இருந்தன. தகரத்தின் குளிர்ச்சி உள்ளங்கையில் இருந்தது.

டப். டப்.

“அண்ணாச்சி, நீங்களா?”

“நான் இங்கன சுவரோரம் நிக்கேன்லே” என்று வேறு மூலையிலிருந்து பதில் வந்தது.

அப்போது எஞ்சினுக்கு மேலே நீலமாக ஏதோ ஒழுகியது. சுவிட்சு போடவில்லை. ஹேண்டில் சுற்றவில்லை. ஆனாலும் நாலு ஒயர்களின் நீளத்துக்கும் நூல் தடிமனில் நீல வெளிச்சம் ஊர்ந்தது. இடி விழுந்த இடத்தில் வருகிற வாடை மூக்கைத் துளைத்தது.

அந்த வெளிச்சத்தில் இரண்டு கைகள் தெரிந்தன.

மணிக்கட்டுக்கு மேலே ஒன்றும் இல்லை.

அந்தக் கைகள் நிதானமாக, கொஞ்சம் தட்டுத் தடுமாறி, ஒயர்களை ஒவ்வொன்றாக எடுத்து வரிசையாகச் செருகிக்கொண்டிருந்தன. பழக்கமில்லாத கைகள். மெக்கானிக்கின் கை இல்லை. சிநேகிதனின் கையும் இல்லை. மரியஜானின் விரல்கள் கருங்கல் மாதிரி இருக்கும், இவை வெளுத்துக் கொழுத்த விரல்கள். வலது கையில் ஒரு மோதிரம்.

சிவப்புக்கல் மோதிரம்.

நேசையன் மெல்லத் திரும்பினான். நீல வெளிச்சம் சுவரோரம் நின்ற பிள்ளையின் முகத்திலும் விழுந்திருந்தது. அவரும் அந்தக் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். தன் கையைக் கக்கத்துக்குள் ஒளித்து வைத்திருந்தார்.

கடைசி ஒயரைச் செருகி முடித்ததும் கைகள் மறைந்தன. ஒயர்களில் மட்டும் வெளிச்சம் மிச்சம் இருந்தது.

“வந்தவனுவ எல்லாரும் இதப் பாத்துத்தான் ஓடிட்டானுவ” என்று பிள்ளை முனகினார். “ரெண்டு மெக்கானிக்கு வந்தான். நிக்கல்ல.”

ஆக, கை பழகட்டும் என்று சொன்னதும் பொய். வேறு எவனும் வராததால்தான் கூப்பிட்டிருக்கிறார்.

“அன்னைக்கு ஒயரத் தொட்டது நீங்களா?”

பிள்ளை கக்கத்துக் கையை இன்னும் இறுக்கிக்கொண்டார்.

“செத்தன்னைக்கு ஒங்க கையப் புடிச்சிக் கேட்டேன். எனக்குப் பொறவு யாராவது தொட்டாங்களான்னு கேட்டேன். யாரும் தொடல்ல மக்கா, காய்ச்சல்ல நீதான் மறந்திருப்பேன்னு எந்தலையில கைவச்சிச் சொன்னீங்க.”

“கணபதியப்பன் ராத்திரி ராத்திரி வண்டிய எடுத்துக்கிட்டு நாடகம் பாக்கப் போறான்லே. பெத்த பிள்ள, கண்டிக்க முடியல்ல. வண்டி கெளம்பாம இருக்கட்டும்னு ராத்திரி ஒயரெல்லாம் உருவி வச்சேன். விடிய முன்னாடி வந்து திருப்பி மாட்டினேன். வரிசையாட்டுத்தான மாட்டணும்? மாறி மாறி மாட்டணும்னு நான் கண்டேனா?”

“தெரியாமச் செய்தது சரி. அதுக்குப் பொறவு?”

“எனக்கு ஊரு இருக்கு, குடும்பம் இருக்கு.”

எனக்கு என்ன இருந்தது என்று நேசையன் கேட்க நினைத்தான். அடித்திருந்தால்கூட இவ்வளவு வலித்திருக்காது. இந்த மனுஷனுக்காக அவன் ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் கோயிலில் முழங்காலில் நின்று ஜெபம் செய்திருக்கிறான். காப்பாற்றினார் என்று போகிற இடமெல்லாம் சொல்லியிருக்கிறான். குழியில் தள்ளினவனே மேலிருந்து கயிறு நீட்டினதை இத்தனை நாளும் அருள் என்று நினைத்திருக்கிறான்!

அப்போது வண்டிக்கு முன்னாலிருந்து குரல் வந்தது. கிசுகிசுப்பாக, மழையோடு சேர்ந்து.

“ஏலே நேசையா. சுத்தட்டா?”

மரியஜான் எப்போதும் அப்படித்தான். நேசையன் எஞ்சினில் கை வைத்திருக்கும்போது அவன் கேட்காமல் ஹேண்டிலைச் சுற்றியதே கிடையாது. ‘சுத்து’ என்று சொல் வந்த பிறகுதான் கை அசையும்.

பிள்ளை பயத்தில் சுவரோரமாகவே நகர்ந்து நகர்ந்து, வண்டிக்கு நேர்முன்னால் போய்க் குந்தியிருந்தார். அவருக்குப் பின்னால் படிக்கல். அவருக்கு முன்னால் ஹேண்டில் தானாகக் கால்சுற்றுத் திரும்பி, தாடைக்கு நேராக நின்றது.

“சுத்தட்டா?”

“மக்கா, சொல்லாத” என்றார் பிள்ளை. “ஒன் காலப் புடிக்கேன், சொல்லாதலே.”

ஒரு சொல் போதும். நேசையனின் நாக்கு நுனியில் அது வந்து நின்றது. மறைப்பானேன். சொல்லிவிட வேண்டும் என்று அவனுக்கு ஆசையாக இருந்தது.

“வேண்டாம்லே மரியஜான்” என்றான். “வேண்டாம். அவரு வெளிய வந்து ஒம் பொஞ்சாதிக்கிட்டச் சொல்லட்டும். எனக்கு அது போதும்.”

“சொல்லுதேன்” என்று பிள்ளை அழுதார். “பகவதியாண சொல்லுதேன்.”

நேசையன் எட்டி எல்லா ஒயர்களையும் கொத்தாகப் பிடித்து வெடுக்கென்று பிடுங்கினான். நாலு பிளக் ஒயர்களும், மூடிக்குக் கரன்ட் கொடுக்கும் காயிலிலிருந்து வருகிற ஐந்தாவது ஒயரும் அவன் கையோடு வந்தன. வெளிச்சம் அணைந்தது. கதவைத் தள்ளிக்கொண்டு இரண்டு பேரும் வெளியே வந்து விழுந்தார்கள்.

மழை நின்று வானம் வெறித்திருந்தது. சத்தம் கேட்டுப் பிள்ளையின் மகன் கணபதியப்பன் வீட்டு வாசலுக்கு வந்தான். வியாகுலம்மாள் பெட்டியைக் கீழே வைத்துவிட்டு எழுந்தாள்.

“மொதலாளி, என்னவாக்கும்?”

“சொல்லுங்க அண்ணாச்சி” என்றான் நேசையன்.

பிள்ளை மகனைப் பார்த்தார். வியாகுலம்மாளைப் பார்த்தார். வேட்டியிலிருந்த சேற்றைத் தட்டினார். வெளிச்சத்துக்கு வந்ததும் அவருக்கு முதுகு நிமிர்ந்துவிட்டது.

“என்னத்தச் சொல்ல? பாவம் பாத்துக் கூப்பிட்டது என் தப்பு. இந்தப் பய இன்னைக்கும் ஒயர மாத்தி மாட்டிட்டான், அன்னைக்கு மாதிரியே. கொஞ்சத்துல என்னையும் கொன்னிருப்பான். அந்த வண்டி இனி ஓடாது.”

நேசையனுக்குக் கோபம்கூட வரவில்லை. ஒரே நாளில் ஒருத்தன் எத்தனை தடவைதான் ஏமாறுவான்? வியாகுலம்மாள் அவன் முன்னால் வந்து நின்றாள். ஒரு வருஷத்துக்குப் பிறகு அவன் முகத்தை நேராகப் பார்த்தாள், காறித் துப்புவதற்காக.

கொட்டகைக்குள் ஹேண்டில் ஒரு சுற்றுச் சுற்றியது.

எஞ்சின் பிடித்துக்கொண்டது.

ஒரு தடுமாற்றம் இல்லை, ஒரு தும்மல் இல்லை. புது வண்டிபோல ஓடியது. திறந்து கிடந்த கதவு வழியாக எல்லாருக்கும் தெரிந்தது: வண்டிக்கு முன்னால் ஒருத்தரும் இல்லை. கணபதியப்பன் வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டான்.

“ஓடாதுன்னீரே மொதலாளி” என்றாள் வியாகுலம்மாள். “ஒயர இவன் தப்பாட்டு மாட்டினான்னீரே. பொறவு இது எப்பிடி ஓடுது?”

பிள்ளை ஒரு எட்டுப் பின்னால் வைத்தார்.

நேசையன் கையை நீட்டினான். ஐந்து ஒயர்களும் அவன் பிடியிலிருந்து தொங்கின.

“ஒயரு உள்ள இல்ல அக்கா. எல்லாம் என் கையில இருக்கு.”

அவள் கொட்டகையைப் பார்த்தாள். ஒயர்களைப் பார்த்தாள். பிறகு, பூனைக்குட்டியைத் தொடுவதுபோல ஒரு விரலை நீட்டி அவற்றில் ஒன்றைத் தொட்டாள். சட்டென்று கையை இழுத்துக்கொண்டாள்.

“சூடாட்டு இருக்கு” என்றாள். அவள் கண், அன்றைக்குச் சொன்னதும் இதேபோலப் பொய்தானா என்று கேட்பதுபோல, பிள்ளையின் மேல் போய் நின்றது.