நாலு மணிக் கையசைப்பு

எதிர்க்கட்டடத்தின் படிகளில் படக்காரர் மூச்சு வாங்க ஏறினார். பெண்டாட்டி போய் இரண்டு மாதம்தான் ஆகிறது. மனுஷன் வந்தது ஆறுதல் தேடி அல்ல, புகார் சொல்ல.

யாரென்றே தெரியாத ஜனங்களின் அன்றாடத்தைத்தான் அவர் படம் எடுக்கிறார். கதை கிடையாது, வசனம் கிடையாது. தம் ஜன்னலில் கேமராவை நட்டு, எதிர் ஜன்னல்களை ஒரு வருஷமாக எடுத்துக்கொண்டிருந்தார். தினமும் சாயங்காலம் நாலு மணிக்கு அங்கே நாலைந்து கைகள் உயர்ந்து அசையும். படத்தின் உயிரே அதுதான் என்று போகிறவர் வருகிறவரிடமெல்லாம் அளப்பார். இரண்டு மாதமாக ஒரு கையும் உயரவில்லை.

மூன்றாம் மாடித் தையல்காரம்மா கதவைத் திறந்தாள்.

“ஏம்மா, நாலு மணிக்குக் கை ஆட்டுவீங்களே, ஏன் எல்லாரும் நிறுத்திட்டீங்க? என் படமே பாழாப்போச்சு.”

“யாருக்கு ஆட்டச் சொல்றீங்க?”

“சும்மா ஆட்டுறதுதானே?”

“நல்லா இருக்கே! சும்மா ஆட்ட எங்களுக்கென்ன பைத்தியமா? உங்க வீட்டு அக்கா டீயோட உங்க பின்னாடி வந்து நிப்பாங்க. நீங்க திரும்பவே மாட்டீங்க. எங்களுக்குக் கை ஆட்டிட்டு, தம்ளரை வெச்சுட்டுப் போவாங்க. நாங்களும் ஆட்டுவோம். பாவம், அவங்களுக்கு வேற யாரு இருந்தா?”

படக்காரரின் முகம் சுண்டிப்போனது. பெண்டாட்டி போன அன்றைக்கும் காதில் ஹெட்போனோடுதான் உட்கார்ந்திருந்தார். டீ வரவில்லையே என்று எழுந்து போனபோதுதான், சமையலறைத் தரையில் அவள் கிடந்தது தெரிந்தது. உடம்பு சில்லிட்டிருந்தது.

ஆனாலும் ஆசை விடுமா? “நாளைக்கு ஒரே ஒரு தடவை, எனக்காக...” என்று இழுத்தார்.

கதவு சாத்தப்பட்டது.

மறுநாள், நாலு மணி.

தையல்காரம்மாவின் கை உயர்ந்தது.

படக்காரர் பூரித்துப்போய், அவள் முகத்தை லென்ஸில் நெருக்கத்துக்கு இழுத்தார்.

பழக்கத்தில் உயர்ந்துவிட்ட கை, பாதியில் நின்றிருந்தது. அவள் கண்கள் கேமராவைப் பார்க்கவில்லை. அவருடைய தோளுக்கு மேலே பார்த்தன.

படாரென்று ஜன்னலைச் சாத்தினாள்.

பக்கத்து ஜன்னலும் சாத்திக்கொண்டது. அதற்கடுத்ததும்.

அவர் மெல்ல ஹெட்போனைக் கழற்றினார். பூட்டிய வீட்டுக்குள், கொதித்த தேயிலையின் வாசம்.

முதுகுக்குப் பின்னால், மேசைமேல் தம்ளர் வைக்கும் சத்தம்.

இத்தனை நாளும் திரும்ப மனமில்லாதவருக்கு, இப்போது திரும்பத் தைரியமில்லை. வெளிச்சம் மங்கும்வரை அப்படியே உட்கார்ந்திருந்தார். பிறகு கை மட்டும் பின்பக்கமாகத் துழாவியது.

தம்ளர் இன்னும் சுட்டது.