மணம் எட்டாத அடுப்படி

காலையிலேயே அடுப்படி வாசலில் இடுப்பில் கைவைத்து நின்றுவிட்டாள் நாத்தனார்.

"போன வாரம் வாயில வைக்க முடியாத உப்பு. அதுக்கு முந்தி தீஞ்சுபோன குழம்பு. எங்கம்மா தானா என் வீட்டுக்குக் கிளம்பிடுவாங்கன்னுதானே இப்படி சமைக்கிறீங்க, அண்ணி?"

மருமகள் மாட்டுக்கறியை மெல்லிய கீற்றுகளாக நறுக்கிக்கொண்டிருந்தாள். பக்கத்துத் தட்டில் கேரட்டும் பீன்ஸும் குடைமிளகாயும் அழகாக அரிந்து கிடந்தன. ஒரு காலத்தில் அவள் கறியும் காயும் வதக்கினால் மணம் தெருவரைக்கும் போகும். இப்போதோ, கட்டிய கணவனே பாதிச் சாப்பாட்டில் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துபோகிறான்.

எல்லாம் அந்தக் காய்ச்சலுக்குப் பிறகுதான். மாமியார் படுத்தபோது, ஒட்டிக்கொள்ளும் என்று பயந்து பெற்ற மகளே வாசலோடு திரும்பிவிட்டாள். மருமகள்தான் உள்ளே போனாள். உடம்பு துடைத்துவிட்டாள், கஞ்சி ஊட்டினாள். மாமியார் எழுந்தார், இவள் படுத்தாள். பிறகு இவளும் தேறினாள். ஆனால் மணமும் ருசியும் போனது போனதுதான். டாக்டர் கையை விரித்துவிட்டார். அதை அவள் யாரிடமும் மூச்சுவிடவில்லை.

திட்டிக்கொண்டே கிட்டே வந்த நாத்தனார் சட்டென்று மூக்கைப் பொத்தினாள்.

"ஐயோ, என்ன நாத்தம்! அம்மா, இங்க வாங்க! அழுகின கறிய அரிஞ்சு வச்சிருக்காங்க!"

ராத்திரி பிரிட்ஜ் நின்றுபோனது மருமகளுக்குத் தெரியாது. கத்தி கையிலிருந்து நழுவியது.

மாமியார் வந்தார். தட்டை எடுத்து மருமகளின் முகத்தருகே நீட்டினார்.

"மோந்து பாரும்மா."

மோந்தாள். அவள் முகம் துளியும் சுளிக்கவில்லை. மாமியார் தட்டைக் கீழே வைத்தார்.

"எப்பலேருந்து?"

"காய்ச்சல்லேருந்து, அத்தை..."

"அடிப்பாவி! ஏன்டி சொல்லல?"

"சொன்னா... என்னாலதான்னு நினைச்சு நீங்க மருகுவீங்க. அதான்..."

மாமியார் அவளை இழுத்து மார்போடு அணைத்துக்கொண்டு ஓவென்று அழுதார். "என்னைப் பிழைக்க வச்சவளை, எல்லாருமா சேர்ந்து வாட்டி எடுத்துட்டோமே!"

நாத்தனார் முகம் வெளிறிப்போனது. "அண்ணி... நான் போய் நல்ல கறியா வாங்கிட்டு வரேன்" என்று முணுமுணுத்துவிட்டு, தலைகுனிந்தபடி பையை எடுத்துக்கொண்டு இறங்கினாள்.

புதுக்கறி வந்தது. வாணலி காய்ந்ததும் பூண்டு பொரிந்தது, கறி சிவந்தது, காய்கள் புரண்டன. மாமியார் பக்கத்திலேயே நின்று, "உப்பு போதும்... தீயைக் குறை" என்று சொல்லச் சொல்ல அவள் கிளறினாள்.

ஆவி முகத்தில் அடித்தது. கண்ணை மூடி ஆழமாக இழுத்துப் பார்த்தாள். ஒன்றுமில்லை... வெறும் சூடு.

"நல்லா மணக்குதா அத்தை?"

"மணக்குதுடி கண்ணே..." மாமியார் முந்தானையால் முதலில் மருமகளின் கண்ணைத் துடைத்தார். பிறகு தன் கண்ணை.