செட்ரிக் தொடாத பியானோ

ட்ரிங்... ட்ரிங்...!

இசை இயக்குநர் ஹ்யூபர்ட் லாசெல்ஸின் மேஜையில் டெலிபோன் அலறியது. அவரால் எடுக்க முடியாது.

அதே மேஜைக்கடியில் கிடந்தார். கழுத்தைச் சுற்றிப் பியானோக் கம்பி. நாக்கு முழ நீளம் வெளியே!

லண்டனில் டெலிவிஷன் தவழ்ந்துகொண்டிருந்த காலம். எல்லாமே நேரடி ஒளிபரப்பு. ஸ்டூடியோ விளக்குச் சூட்டில் ஊருக்கே ஆம்லெட் போடலாம்!

டெலிபோன் அடித்து ஓய்ந்தது.

"காலையில இவரோட சண்டை போட்டது நீங்கதானாமே, மிஸ் தாக்ரே?" என்றார் இன்ஸ்பெக்டர் ப்ராட்வெல்.

வினிஃப்ரெட் தாக்ரே கழுத்தைத் தடவிக்கொண்டாள். கொலை என்றால் தூக்கு... அவளுக்கோ மெல்லிய கழுத்து!

"போட்டேன். ரெண்டு வருஷமா வாசிக்கிறது நான், பேர் இவனுக்கு. என் பேரையும் திரையில போடுங்கன்னேன். 'உன் மூஞ்சிக்கா?'ன்னு சிரிச்சார்."

'இவன்', செட்ரிக் வேன், சோபாவில் மூக்கை உறிஞ்சினான். நாடே உருகிய பியானோ மன்னன்... ஒரு ஸ்வரம்கூட வாசிக்கத் தெரியாது!

காமிராவுக்கு முன்னால் ஊமைப் பியானோவில் விரலை ஓட்டுவான். திரைச்சீலை ஓட்டை வழியே அவன் கைகளைப் பார்த்தபடி வினிஃப்ரெட் நிஜமாக வாசிப்பாள். அவன் கை நின்றால், அவளும் நிறுத்த வேண்டும். வேலையே அதுதான்.

"நிகழ்ச்சி நடக்கறப்பதான் கொலை. எங்க இருந்தீங்க?"

"பியானோவுல! இங்கிலாந்தே கேட்டுச்சே!"

"ஆமா, பாட்டு ஒரு விநாடிகூட நிக்கலன்னு ஸ்டூடியோவுல எல்லாரும் சொல்றாங்க." ப்ராட்வெல் தொப்பியை எடுத்தார். "நீங்க கிளம்பலாம், மிஸ்."

அப்பாடா...!

கதவுப் பிடியில் கை வைத்தாள்.

ட்ரிங்...!

எரிச்சலோடு அவரே எடுத்தார். "சொல்லுங்கம்மா... என்னது?... ரெண்டு கையாலயுமா?"

வைத்தார். உடனே இன்னொரு மணி. அதே கேள்வி!

"செட்ரிக்! நிகழ்ச்சி நடுவுல தும்மினீங்களா?"

"ஐயோ, வரிசையா நாலு சார்! ரெண்டு கையாலயும் மூக்கைப் பொத்திக்கிட்டேன். சளியில காதும் அடைப்பு. வினி நிறுத்தியிருப்பான்னு நெனச்சேன்..."

"வீட்டுல டெலிவிஷன் பாத்தவங்களுக்குத்தான் சந்தேகம். கை மூக்குல, பாட்டு எங்கேர்ந்துன்னு!" ப்ராட்வெல் திரும்பினார். "எங்கேர்ந்து, மிஸ் தாக்ரே? நீங்க ஓட்டை வழியாப் பாத்துக்கிட்டிருந்தா, உங்க கையும் தானா நின்னிருக்குமே?"

ப்ராட்வெல் ஸ்டூடியோவுக்குப் போய்த் திரைச்சீலைக்குப் பின்னால் தேடினார். அவளுடைய கோட்டுக்கு அடியில்... கிராமபோன்! அதன்மேல், ஒத்திகையில் அவளே வாசித்துப் பதிவுசெய்த இசைத்தட்டு.

விலங்கு பூட்டினார்கள்.

"அச்ச்ச்சு!"

செட்ரிக்தான். வாசலில் வினிஃப்ரெட் நின்றாள். திரும்பிச் சிரித்தாள்.

"நூறாயுசு, செட்ரிக்! எனக்கு மிச்சமிருக்கறதையும் சேத்து நீயே எடுத்துக்கோ!"