பவுலாவின் மரணம்

ஜெர்மனியில் இரண்டு பேர் ஒரே கதையைப் பார்ப்பது என்றோ நின்றுபோயிருந்தது. வீட்டுக்கு வீடு கதைநெய்வி வந்துவிட்டது. பார்ப்பவரின் நாடித்துடிப்பையும் கண்களையும் கவனித்து, தொடரின் காட்சிகளை அவர் மனதுக்கேற்ப அங்கேயே மாற்றி நெய்யும் இயந்திரம் அது. எழுத்தாளர் மூலக்கதையைக் கொடுத்தால் போதும்.

கொலோன் நகரத்து ரெனாட்டே ஹோல்ட்காம்ப், தொலைக்காட்சித் தொடர்கள் எழுதியே தலை நரைத்தவர். முன்பெல்லாம் அவர் எழுதிய வசனத்துக்காக மறுநாள் டிராமில் யாராவது சண்டை போட்டுக்கொண்டிருப்பார்கள். இப்போது அவர் தொடரைப் பற்றி யாரும் யாரிடமும் பேசுவதில்லை.

கணவர் இறந்த குளிர்காலத்தில், தன் நாயகி டாக்டர் பவுலாவை அவர் சாகடித்தார். மருத்துவமனை அறையில், பக்கத்தில் யாருமில்லாமல். தயாரிப்பாளர் டீட்மாரோடு வசனம் பற்றிப் பேச ரெனாட்டே மருத்துவமனை வராந்தாவுக்குப் போயிருந்தபோதுதான் கணவரின் உயிர் பிரிந்தது. அதை வாயால் சொல்ல முடியாமல் காட்சியாக எழுதினார்.

ஒளிபரப்பான மறுநாள் பக்கத்து வீட்டு ஐசெலிடம் கேட்டார்.

"பவுலா செத்தது எப்படி இருந்துச்சு?"

"செத்தாளா? எங்க வீட்டுல லிஸ்பனுக்கு வேலை மாறிப் போனாளே. நல்லாத்தான் இருந்துச்சு."

ரொட்டிக்கடைப் பெண்ணின் வீட்டில் பவுலாவுக்குக் கல்யாணமே முடிந்திருந்தது.

ரெனாட்டே டீட்மாரை அழைத்தார். "சாவை யாருமே பார்க்கலையா?"

"தாங்க மாட்டாங்கன்னு தெரிஞ்சா இயந்திரம் மாத்திடும், ரெனாட்டே. லைப்சிக்ல ஒருத்தர் மட்டும் பார்த்திருக்கார். உங்களைச் சந்திக்கணும்னு கேட்டுக்கிட்டே இருக்கார்."

ரெனாட்டே அடுத்த ரயிலில் கிளம்பினார். வழியெல்லாம், அந்த ஒருவரிடம் எதை முதலில் சொல்வது என்று யோசித்தபடியே இருந்தார்.

லைப்சிக்கில் காத்திருந்த ஒட்டோகார் மனைவியை இழந்தவர். ரெனாட்டேயை உட்காரவைத்துவிட்டு எதிரே அமர்ந்தார்.

"என் மார்கிட் போறப்போ நான் பக்கத்துல இல்ல," என்றார். "வெளியே யாரோடவோ பேசிக்கிட்டு நின்னேன். பவுலாவோட புருஷன் கடைசி வரைக்கும் அவ கையை விடலையே, அதைப் பார்த்தப்புறம்தான் எனக்குத் தூக்கம் வந்துச்சு. அதை எழுதினது நீங்கதானே? இயந்திரம் இல்லையே?"

ரெனாட்டே எழுதிய காட்சியில் பவுலாவின் பக்கத்தில் யாருமே இல்லை. இந்த ஊரில், இந்த நாட்டில், தன் காட்சியைப் புரிந்துகொள்ளக்கூடிய ஒரே மனிதர் எதிரே உட்கார்ந்திருந்தார்.

"நான்தான் எழுதினேன்."

"உங்க வீட்டுக்காரர் போனதைத் தயாரிப்பாளர் சொன்னார். அப்போ நீங்களும் அவர் கையைப் பிடிச்சுக்கிட்டு இருந்திருக்கீங்க. இல்லேன்னா இப்படி எழுத வராது."

அவர் முகத்தையும் கண்களையும் ரெனாட்டே ஒரு கணம் கூர்ந்து கவனித்தார்.

"ஆமா," என்றார். "கடைசி வரைக்கும்."