கதவு என் வேலை

"இன்னாம்மா, இப்பத்தான் வழி தெரிஞ்சுதா?" என்று அண்ணன் வீட்டுப் புதுப் பூட்டின் சாவியை நீட்டினார் பக்கத்து வீட்டு அம்சவள்ளி அக்கா.

மண்டையைப் பிளக்கும் மதிய வெயிலில், கூட்டேரிப்பட்டில் பஸ்ஸை விட்டு இறங்கி நடந்தே வந்திருந்தேன். சாவியை வாங்கிக்கொண்டேன். அண்ணன் ஜெகதீசன் கடைசியாகக் கூப்பிட்டபோது "அப்புறம் பேசுறேன்" என்று போனை வைத்தவள் நான். மூன்றாம் நாள் கதவை உடைத்துத்தான் அவன் உடலை எடுத்தார்கள்.

"எப்பப் பாத்தாலும் அந்தக் கம்ப்யூட்டர் முன்னாடியே குந்திக்கினு இருக்கும், பாவம். ஜல்தியா பாத்துட்டு வந்துடு கலைப்பிரியா. அந்த வூட்ல ஒண்டியா இருக்காத."

நான் விழுப்புரத்தில் ஒண்டி. அவன் இங்கே ஒண்டி. நடுவில் முக்கால் மணி நேரப் பஸ். அதில்கூட ஏறாத சண்டாளி நான்.

அவன் அறையில் எலிப்புழுக்கையும் சாம்பிராணியும் கலந்த வாடை. கம்ப்யூட்டரைப் போட்டேன். நரகத்துப் பிசாசுகளைச் சுட்டுக்கொண்டே போகும் அந்தப் பழைய விளையாட்டு இன்னும் இருந்தது.

சின்ன வயதில் ஒரே கீபோர்டில் இரண்டு பேரும் ஆடுவோம். துப்பாக்கி அவனுக்கு, கதவு எனக்கு. ஸ்பேஸ் பாரை அழுத்தினால் கதவு திறக்கும். அதற்கு ஒரு சட்டம் வைத்திருந்தான்: "மொதல்ல காது குடுத்துக் கேளு. உள்ள மூச்சு கேட்டா தொறக்காத. அவசரத்துல நானே சொன்னாலும் தொறக்காத."

பழக்கதோஷம், வலது பக்க நாற்காலியிலேயே உட்கார்ந்தேன். அவன் கடைசியாக நிறுத்தி வைத்திருந்த இடத்திலிருந்து ஆட்டத்தைத் தொடங்கினேன்.

மூடிய இரும்புக் கதவு. அதன் முன் துப்பாக்கி பிடித்த கை. உயிர் மூன்று சதவீதம். திரையின் அடியில் வீரனின் ரத்தம் வழியும் முகம் இடதும் வலதும் பார்த்துக்கொண்டிருந்தது.

வலது பக்கம் திரும்பியது. அப்படியே நின்றுவிட்டது.

என்னைப் பார்த்து.

கதவுக்கு அப்பால் மூச்சு. பன்றி உறுமுவது போல, கனமாக.

கேட்டது. நன்றாகவே கேட்டது.

ஆனாலும் அத்தனை நாள் கதவைத் திறக்காமல் எனக்காகவே காத்திருந்தானே, பாவி! அழுதுகொண்டே அழுத்தினேன்.

இரும்புக் கதவு மேலே ஏறியது. உள்ளே கொம்பும் இல்லை, கோரைப்பல்லும் இல்லை. வெறும் இருட்டு.

மூச்சு மட்டும் ஸ்பீக்கரில் நின்றுபோய், என் பிடரிக்குப் பின்னால் கேட்டது.

பிளக்கைப் பிடுங்கிவிட்டு ஓடினேன்.

"இன்னாச்சி, பேயறைஞ்ச மாதிரி வர்ற?" என்ற அக்காவின் கையில் சாவியைத் திணித்துவிட்டுப் பஸ் ஏறினேன்.

விழுப்புரத்தில் என் அறைக்குள் வந்து தாழ்ப்பாள் போட்டுக்கொண்டேன். செருப்பைக்கூட இன்னும் கழற்றவில்லை. ஜன்னலில் சாயங்கால வெயில் இருக்கிறது.

கதவு தட்டும் சத்தம்.

"கலை... நாந்தான். தொற."

அண்ணன் குரல். என்னைக் கலை என்று கூப்பிட அவனைத் தவிர உலகத்தில் ஆளே கிடையாது.

காது கொடுத்துக் கேட்டேன். குரலுக்குப் பின்னால் அந்த மூச்சு.

சட்டம் எனக்கு மறக்கவில்லை. ஆனால் அவனிடம் ஒருமுறை "அப்புறம்" என்று சொல்லிவிட்டேனே.

கை தாழ்ப்பாளில் இருக்கிறது.